எண்ணெய் இருக்கு

— நில்லு. அடுத்த அடி எடுத்து வைக்காதே. இப்ப என்ன சொன்னே?

— தையல் வேலைக்குப் போறேன்னு சொன்னேன், பெரியவரே. அந்தப் பக்கத்து ஊர்ல ஒரு கல்யாண வீடு. துணி தைக்கக் கூப்பிட்டிருக்காங்க.

— திரும்ப அதையே சொல்றா பாரு. நேரா முன்னாடி பாரு. வெளிவாசல் வெளிச்சம் எவ்வளவு இருக்கு?

— சட்டைப் பொத்தான் அளவு.

— நீ வாயைத் திறக்கறதுக்கு முன்னாடி?

— சாப்பாட்டுத் தட்டு அளவு இருந்துச்சு.

— தட்டு பொத்தான் ஆச்சுன்னா வாசல் தள்ளிப் போயிடுச்சுன்னு அர்த்தம். இதுக்குள்ளே எவனாவது பொய் சொன்னா வழி கூடும். அதனாலதான் இந்தக் குகைக்கு நீளம்னு பேரு. வெளியில நிக்க வச்சு மூணு தரம் சொன்னேன். மாடு மாதிரி தலையை ஆட்டினே.

— நான் சொன்னதாலதான்னு எப்படித் தெரியும்? நீங்க பொய் சொல்லியிருக்கலாமில்ல?

— நான் கடைசியாச் சொன்னது 'இடது பக்கத்துச் சுவர் ஈரமா இருக்கு'ன்னு. தொட்டுப் பாரு.

— ஈரமாத்தான் இருக்கு.

— இருபத்திரண்டு வருஷமா இதுக்குள்ளே ஆளுங்களைக் கூட்டிட்டுப் போறேன். இந்த இருபத்திரண்டு வருஷத்துல இங்கே நான் ஒரு பொய் சொன்னதில்லே.

— அதுக்கு முன்னாடி?

— கேள்வி கேக்கறதை நிறுத்து. சொன்ன பொய்யைத் திருப்பி எடு. முகத்தை இந்தப் பக்கம் திருப்பு, என்னைப் பார்த்துச் சொல்லு. பொய்யை யார்கிட்ட சொன்னியோ அவங்க பக்கம் திரும்பித்தான் எடுக்கணும். 'அது பொய், நெசம் இது'ன்னு சொல்லணும். அப்பத்தான் கூடின நீளம் மடங்கும்.

— தையலைப் பிரிச்சா துணி விரியும். இங்கே சுருங்குமா?

— பேச்சை வளர்க்காதே.

— சரி. கல்யாண வீடு பொய். யாரும் என்னைக் கூப்பிடலை. நான் தையல்காரிங்கறது நெசம். அந்த ஊர்ல என் அம்மா இருக்கா. அவகிட்டதான் போறேன். இப்பப் பாருங்க.

— ம். தட்டு. நட.

— அவ்வளவுதானா? திட்ட மாட்டீங்களா?

— திட்டினா உனக்கு உறைக்கவா போகுது. நடந்துக்கிட்டே பேசு. பேச்சு நின்னாலும் ஆபத்து, தரை இளகிடும். கண்ணுக்குத் தெரியறதைச் சொல்லிட்டு வா, போதும். கல்லு, ஈரம், கயிறு. எதையும் ஏத்திச் சொல்லாதே. போன வருஷம் ஒருத்தன் பாதி வழியில 'நடந்து நடந்து செத்தே போயிட்டேன்'னான். அரை மைல் கூடிடுச்சு.

— உங்க இடுப்புல கயிறு. அந்த நுனி என் இடுப்புல. உங்க கையில விளக்கு. உங்க தோள்ல பை, பைக்குள்ளே குப்பி. எதுக்குக் குப்பி?

— மாத்து எண்ணெய். விளக்குல இருக்கற எண்ணெய் ஒரு தடவை கடக்கத்தான் காணும். உன்னை மாதிரி வாய்க்காரங்க கூட வந்தா காணாது. விளக்கில்லாம முன்னாடி நடந்தவன் எவனும் வெளியில வந்ததில்லே.

— வெளியிலயும் நீங்க பொய் சொல்றதில்லையாமே. ஊர்ல சொன்னாங்க.

— வெளியில பழகின நாக்குதானே உள்ளே வருது. என் பொண்டாட்டி புதுப்புடவை கட்டிட்டு வந்து எப்படி இருக்குன்னு கேட்டா. மூட்டை கட்டின மாதிரி இருக்குன்னேன். நாலு மாசம் பேசலை. அதுக்கப்புறம் பேசினா, ஆனா அவ அண்ணன் வீட்டுலேருந்து ஆள் சொல்லி அனுப்பித்தான் பேசினா. இன்னிக்கும் அங்கேதான் இருக்கா.

— ஒரு பொய் கூட வெளியில சொன்னதில்லையா?

— வலது பக்கம் கல்லு நீட்டிக்கிட்டு இருக்கு. குனிஞ்சு வா.

— கேட்டதுக்குப் பதில் வரலையே.

— கல்லு நீட்டிக்கிட்டு இருக்குங்கறது உனக்கு உதவற பதில். மண்டை உடையாது.

— சரி, வேற கேக்கறேன். மாட்டு வியாபாரி கதை நெசமா, பெரியவரே? சந்தையில கேள்விப்பட்டேன்.

— நெசம். என் கண்ணால பார்த்தேன். நான்தான் கூட்டிட்டு வந்தேன். ஒரு காளையைக் கயித்துல கட்டி இழுத்துட்டு வந்தான். காளை யாருதுன்னு கேட்டேன். அவன் காளை பக்கம் திரும்பி, 'நீ என் காளைடா'ன்னான். திருட்டுக் காளை. அந்தத் தடவை வாசல் தள்ளிப் போகலை, அவனுக்கும் காளைக்கும் நடுவுல வழி கூடிடுச்சு. முன்னாடி கூடினா வாசல் தள்ளிப் போகும். நடுவுல கூடினா பின்னாடி வர்றவன் தள்ளிப் போவான். எங்கே கூடும்னு எவனுக்கும் தெரியாது. கயிறு அறுந்துச்சு, காளை இருட்டுல போயிடுச்சு.

— அப்புறம்?

— எட்டு நாள் கழிச்சு அழுதுட்டே வந்தான். அதே இடத்துல இருட்டைப் பார்த்துத் திரும்பி நின்னு, 'நீ என் காளை இல்லே, உன்னைத் திருடினேன்'னான். காளை நடந்து வந்துச்சு.

— அது வாயில என்ன இருந்துச்சு?

— உனக்கு எதுக்கு அது?

— சும்மா சொல்லுங்க. வெளிச்சம் குறையுதான்னு பார்க்கறேன்.

— புல்லு. உள்ளே நுழையறப்ப வாசல்ல மேய்ஞ்ச புல்லு.

— காய்ஞ்சா?

— பச்சையா. பனி ஈரம் கூட இருந்துச்சு.

— வெளிச்சம் குறையலை. அப்ப நெசம். எட்டு நாள் நமக்குத்தான். காளைக்கு ஒரு வாய் மெல்லற நேரம்.

— அதுக்கென்ன இப்ப?

— எட்டு நாள் இல்லாம எட்டு வருஷம்னா, புல்லு பச்சையா இருக்குமா?

— எவன் பார்த்தான்.

— இருபத்திரண்டு வருஷம்னா?

— ஏய். யார் நீ?

— நடங்க. பேச்சு நின்னா தரை இளகும்னு நீங்கதான் சொன்னீங்க.

— யாருன்னு கேட்டேன்.

— வாசல்ல வச்சு விளக்கைத் தூக்கி என் மூஞ்சியைப் பார்த்தீங்க, காது மடல் அறுத்திருக்கான்னு கூடப் பார்த்தீங்க, ஆள் திருடியான்னு. அப்பவே கண்டுபிடிப்பீங்கன்னு பயந்தேன். எனக்கு அப்ப மூணு வயசு. நீங்க என்னைத் தோள்ல தூக்கி வச்சுக்கிட்டுத் திரிவீங்கன்னு அம்மா சொல்லுவா. உங்க தம்பி மக, பெரியப்பா.

— சின்னவன் பொண்ணா.

— வெளிச்சத்தைப் பார்த்துக்கோங்க. நம்பிக்கை வரலைன்னா.

— பார்த்துட்டேன். உங்கம்மா இருக்காளா?

— இருக்கா. கண்ணு மங்கிடுச்சு. ஆள் நடமாட்டம் தெரியும், முகம் தெரியாது. யார் உள்ளே வந்தாலும் 'யாரு, நீங்களா'ன்னு கேக்கறா.

— தூண் வந்துடுச்சு. இதைத் தாண்டினா வாசல் பக்கம்தான். கால் பார்த்து வை.

— தூணைப் பத்திப் பேசாதீங்க. அன்னிக்கு எங்கப்பாவுக்கு என்ன நடந்துச்சு?

— அன்னிக்கே ஊருக்குச் சொல்லியாச்சு.

— ஊருக்குச் சொன்னது வெளியில. இங்கே சொல்லுங்க.

— முடியாது. வாயை மூடிட்டு வா. இல்லே, மூடாதே. கல்லு, ஈரம், கயிறு. அதைப் பேசு.

— சரி, நான் பேசறேன். எனக்கு வயசு எட்டு.

— ஏய்.

— இந்தச் சுவர் மரத்துல செஞ்சது.

— பைத்தியமா உனக்கு? பாரு, பொத்தானாயிடுச்சு.

— எனக்கு ரெண்டு வால் இருக்கு. சொல்றீங்களா, இன்னும் நாலு சேர்க்கட்டுமா?

— நிறுத்து. நிறுத்துன்னு சொல்றேன்ல. மிளகு அளவு ஆயிடுச்சு. திருப்பி எடு, உடனே திருப்பி எடு.

— எடுக்கறேன். நீங்க சொன்னதுக்கு அப்புறம்.

— உன் அப்பன் இவ்வளவு பிடிவாதக்காரன் இல்லே. அவன் ஒரு ஏமாளி. சின்ன வயசுல நான் கண்ணாடியை உடைச்சா, 'நான்தான் உடைச்சேன்'னு முன்னாடி போய் நிப்பான். அடி அவனுக்கு விழும். ராத்திரி முதுகைத் தேய்ச்சுக்கிட்டே என்னைப் பார்த்துச் சிரிப்பான். இந்தா, விளக்கு இறங்குது. உன்னால ஒரு நாளைக்கான எண்ணெயும் போச்சு. விளக்கைப் பிடி, பையை இப்படித் திருப்பு, குப்பியை எடுக்கணும்.

— எடுங்க.

— என்ன, பிசுபிசுப்பே இல்லே. இது... இது தண்ணி.

— ஆமா. வாசல்ல நீங்க கயித்து முடிச்சைப் பார்த்துக்கிட்டு இருந்தப்ப எண்ணெயை மண்ணுல கொட்டிட்டுத் தண்ணி ஊத்தினேன்.

— அடிப்பாவி. கொலைகாரி. எவளையும் நம்பக்கூடாதுன்னு தெரியும், தெரிஞ்சும் குப்பியைத் திறந்து பார்க்காம வந்தேன் பாரு, என்னைச் சொல்லணும்.

— கேளுங்க பெரியப்பா. எண்ணெய் இருக்கான்னு என்னைக் கேளுங்க.

— என்ன விளையாட்டு இது.

— கேளுங்க.

— எண்ணெய் இருக்கா?

— இல்லே. பாருங்க, எவ்வளவு சுலபமாச் சொல்லிட்டேன்.

— யார் சொன்னது உனக்கு? எண்ணெய் விஷயம் யார் சொன்னது?

— எண்ணெய் விஷயம் எனக்குத் தெரியாது. நீங்க தினமும் ரெண்டு பங்கு எண்ணெய் எடுத்துட்டுப் போறீங்க, மத்த வழிகாட்டிங்க ஒரு பங்குதான் எடுக்கறாங்க. எதையோ பயந்து எடுக்கற மாதிரி இருந்துச்சு. ஒரு நூல் தொங்குச்சு, இழுத்துப் பார்த்தேன். உங்க மூஞ்சி சொல்லிடுச்சு.

— அவனேதான் முடிச்சை அவுத்தான். போதுமா? நான் முன்னாடி, அவன் பின்னாடி. திரும்பிப் பார்த்தா ஆள் இல்லே. அவனா அவுத்துட்டுப் போயிட்டான்.

— மிளகு கடுகு ஆயிடுச்சு, பெரியப்பா.

— ...

— பேசுங்க. தரை கால்ல ஒட்டுது.

— பார்த்தேன். கடுகுதான்.

— அவுத்தது அவர் இல்லேன்னு எங்கம்மாவுக்கு அன்னிக்கே தெரியும். நீங்க தனியா வந்து வாசல்ல நின்னப்ப உங்க இடுப்புல கயிறு இல்லே. பின்னாடி வந்த ஆள் தன் முடிச்சை அவுத்திருந்தா மொத்தக் கயிறும் உங்க கூட இழுபட்டு வந்திருக்கணும். வரலை. அப்ப எந்த நுனி அவுந்துச்சு? அம்மா இதை எத்தனை பேர்கிட்டச் சொன்னா தெரியுமா? 'நெசத்தைத் தவிர வேற பேசாத மனுஷன், அவரைப் போய்ச் சந்தேகப்படறியே'ன்னாங்க. பொண்டாட்டி பிடிக்காம அவுத்துட்டு வேற எங்கேயோ குடும்பம் நடத்தறான்னாங்க. தண்ணி எடுக்கற இடத்துல 'அவுத்துட்டுப் போனவன் பொண்டாட்டி வர்றா'ன்னாங்க. என்னைத் தூக்கிட்டு இதே நீளத்தைக் கடந்து அந்த ஊருக்குப் போனா. வழியில ஒரு பொய் சொல்லலை, நேரா வெளியில வந்தாளாம். வேற வழிகாட்டி கூடத்தான். உங்களைக் கூப்பிடலை.

— எனக்கு அது தெரியும். அன்னிக்கு நான் மரத்துக்குப் பின்னாடி நின்னு பார்த்தேன்.

— அப்பவாவது சொல்லியிருக்கலாம்.

— விளக்கைச் சுவரோரமா வை. காத்து படாம. இன்னும் கொஞ்ச நேரம் எரியும். உன்னைப் பார்த்துச் சொல்றேன், கேட்டுக்கோ. அவன் அவுத்தான்னு இப்ப உன்கிட்டச் சொன்னேன். அது பொய். அவுத்தது நான்.

— மிளகு.

— அன்னிக்கு எனக்கு முதல் நாள், விளக்கு என் கையில வந்த முதல் நாள். சின்னவனைக் கூட கூட்டிட்டு வந்தேன், பழகிக்கட்டும்னு. காலையில அவசரத்துல விளக்குக்கு எண்ணெய் ஊத்த மறந்துட்டேன். இந்தத் தூண்கிட்ட வந்து பார்த்தா அடியில நனைஞ்சிருக்கு, அவ்வளவுதான். அவன் பின்னாலேருந்து கேட்டான், 'அண்ணே, திரி மங்குதே, எண்ணெய் இருக்கா'ன்னு. மறந்துட்டேன்னு தம்பிகிட்டச் சொல்ல வாய் வரலை. 'இருக்கு'ன்னேன்.

— ஒரே ஒரு வார்த்தை.

— நடுவுல கூடிடுச்சு. கயிறு விர்ருன்னு இறுகி என் இடுப்பைப் பின்னாடி இழுத்துச்சு. அவன் குரல் கேட்டுச்சு, எங்கேயோ தூரத்துல. வாசல் எனக்கு முன்னாடி ரொம்பப் பக்கம். இருந்த எண்ணெய் ஒரு ஆள் போய்ச் சேரக் காணும். திரும்பி நின்னு 'இல்லேடா'ன்னு சொல்லியிருக்கலாம். சொல்லி, அவன் வந்து சேர்றதுக்குள்ளே விளக்கு அணைஞ்சா ரெண்டு பேரும் போயிடுவோம்னு கணக்குப் போட்டேன். முடிச்சை அவுத்தேன். கயிறு கையிலேருந்து பாம்பு மாதிரி இருட்டுக்குள்ளே போச்சு.

— அவர் கூப்பிட்டாரா?

— நான் ஓடற சத்தம்தான் எனக்குக் கேட்டுச்சு.

— சரி. இப்ப என் முறை. என்னைப் பாருங்க. எனக்கு வயசு இருபத்தஞ்சு, எட்டுன்னது பொய். சுவர் கல்லு, மரம்னது பொய். வால் ஒண்ணும் இல்லே.

— தட்டு அளவு. அதை விடப் பெரிசு. இருபது அடி கூட இருக்காது. வா, வா, விளக்கு அணையறதுக்குள்ளே போயிடலாம்.

— நான் வரலை.

— கயித்தை இழுக்காதே.

— எண்ணெய் இருக்குன்ன பொய்யை என்னைப் பார்த்துச் சொன்னீங்க. அது என்கிட்டச் சொன்ன பொய் இல்லே. யார்கிட்டச் சொன்னீங்களோ அவர் பக்கம் திரும்புங்க.

— விளக்கு துடிக்குது பொண்ணே.

— தெரியுது. உங்க முடிச்சு உங்க கையிலதான் இருக்கு. அவுத்துட்டு ஓடுங்க, இருபது அடிதான். நான் அவுக்க மாட்டேன். நாளைக்கு ஊர்ல கேட்டா, அவளும் அவுத்துட்டுப் போயிட்டான்னு சொல்லிக்கோங்க. உங்களை நம்புவாங்க.

— குத்திக் காட்டறே.

— குத்தலை. கேக்கறேன். இருபத்திரண்டு வருஷமா இந்த வழியில போய் வந்துக்கிட்டு இருந்தீங்க. காளை வந்ததைக் கண்ணால பார்த்தீங்க. அதுக்கப்புறமும் ஒரு நாள் கூட இந்த இடத்துல திரும்பி நின்னு சொல்லத் தோணலையா? வராம போயிடுவார்னு பயமா?

— வராம போயிடுவான்னு பயமில்லே.

— பின்னே?

— வந்துடுவானோன்னு பயம். வந்து, ஏன் அண்ணே அவுத்தேன்னு கேட்டா என்ன சொல்றது? இந்த மூஞ்சியை எங்கே வச்சுக்கறது? அவன் செத்துட்டான்னா எனக்குத் துக்கம். அவன் அங்கேயே நின்னுக்கிட்டு இருக்கான்னா... அந்தப் புல்லைப் பார்த்த நாள்லேருந்து நான் தூங்கலை. தூங்கினேன், ஆனா சரியாத் தூங்கலை. அப்படிச் சொல்லணும்.

— அம்மா சோறு வச்சா ரெண்டு தட்டு வைக்கறா, பெரியப்பா. கேட்டா, கணக்குத் தப்பிடுச்சுங்கறா.

— விளக்கை என் கையில குடு.

— ஓடப் போறீங்களா?

— குடுன்னா குடு. தூக்கிப் பிடிக்கணும். அவனுக்குத் தெரியணும்ல எந்தப் பக்கம் வரணும்னு. தள்ளி நில்லு. நான் அழுதா பார்க்காதே.

— பார்க்க மாட்டேன்.

— சின்னவனே. டேய் சின்னவனே. எண்ணெய் இருக்குன்னேன்ல. அது பொய்டா. எண்ணெய் இல்லே. காலையில ஊத்த மறந்துட்டேன். நீ கேட்டப்பவே இல்லேடா. கயித்தை அவுத்ததும் நான்தான்.

— பெரியப்பா. விளக்கு அணைஞ்சிடுச்சு.

— தெரியுது. அசையாதே. பேசிக்கிட்டே இரு. ஏதாவது பேசு.

— எனக்குப் பின்னாடி வாசல் வெளிச்சம் இருக்கு. அது குறையலை. வேற ஒண்ணும் தெரியலை. வேற ஒண்ணும் இல்லே, பெரியப்பா. இருட்டு அப்படியேதான் இருக்கு.

— கால்ல ஏதோ படுது.

— கல்லா?

— கல்லு இல்லே. கயிறு. நம்ம கயிறு இடுப்புல இருக்கு, இது வேற. இரு, தடவிப் பார்க்கறேன். நுனியில முறுக்கு இருக்கு. முடிச்சு அவுத்த முறுக்கு. இப்பத்தான் அவுத்த மாதிரி.

— பெரியப்பா, அது நகருது.

— பிடிச்சிருக்கேன். இந்தத் தடவை பிடிச்சிருக்கேன்.

— பெரியப்பா, யாரு... யாரு அங்கே?

— அண்ணே, நான்தான், ஏன் கத்தறே? கயிறு கை நழுவிடுச்சா? பரவாயில்லே விடு, வீட்ல கேட்டா நானே அவுத்துட்டேன்னு சொல்லிடறேன்.